வேரெறும்புகளுக்கு ஊர் சொன்னது

"இது சீமைக்கருவையா, நாட்டுக்கருவையா?"

வாய்க்கால் கரையில் ஊர்ந்து வந்த தாய்ப்பெட்டி கேட்டதும் நாகஜோதி செடியைப் பார்க்காமலேயே பெட்டியின் முகப்பில் கட்டைவிரலை அழுத்தினாள். "சீமை." பெட்டியின் அடியிலிருந்து வேரெறும்புகள் இறங்கி மண்ணைத் துளைத்துக்கொண்டு போயின. நகத்தளவு இயந்திரங்கள். சீமைக்கருவேலத்தின் வேர் எவ்வளவு ஆழம் போனாலும் துரத்திப் போய் அரித்துவிடும். வெட்டினாலும் கொளுத்தினாலும் துளிர்க்கிற அந்தச் சனியனுக்கு வேறு மருந்து யாரும் கண்டுபிடிக்கவில்லை.

பெட்டி அரையடி நகர்ந்தது. "இது சீமைக்கருவையா, நாட்டுக்கருவையா?"

"கண்ணு அவிஞ்சா போச்சு ஒனக்கு?"

பூத்துவிட்டால் பெட்டியே பிரித்துவிடும். நாட்டுக்கருவைக்கு மஞ்சள் உருண்டை, சீமைக்கு நீளக் கதிர். கன்றில் இரண்டும் ஒரே மாதிரி. முன்பு எங்கோ ஒரு கோயிலின் நாட்டுக்கருவைக் கன்றை எறும்புகள் தின்றுவிட்டதால், ஒவ்வொரு கன்றுக்கும் ஊராரைக் கேட்க வேண்டும் என்று விதி வந்துவிட்டது. வாய்க்காலை அடைத்துக்கொண்டு நெடுகக் கன்றுகள். அந்தப் பக்கம் கண்மாயில் தண்ணீர் கிடக்கிறது, இந்தப் பக்கம் அவளுடைய குண்டு மிளகாய் பூவும் பிஞ்சுமாகத் தலை தொங்கி நிற்கிறது. ஒரு தண்ணீர் பாய்ந்தால் பிழைத்துவிடும். இந்த வேகத்தில் பாயாது. நாகஜோதிக்கு அழுகை அழுகையாக வந்தது.

பெட்டியைப் பராமரிக்கும் இன்பசேகரைக் கைபேசியில் பிடித்தாள்.

"ஊர் கூடி ஒட்டுமொத்தமா உத்தரவு போடலாம்க்கா. அப்ப அந்த விதி கெடையாது, பெட்டி கேக்காது, எறும்பே வேரைக் கடிச்சுப் பாத்துப் பூர்வீகத்தக் கண்டுபிடிச்சுக்கும். ஆனா பேர மட்டும் சொல்லாதீங்க. சீமைக்கருவை இப்ப நூறு வகையாத் திரிஞ்சு போச்சு, பாதி தப்பிச்சிரும். பொதுவா ஒரு அடையாளம் சொல்லுங்க. இன்னொண்ணு, மண்ணுக்குள்ள போயிட்டா நாம கூப்பிட்டாக் கேக்காது. வேலைய முடிச்சுட்டுத்தான் மேல வரும்."

"முடிச்சுட்டே வரட்டும் தம்பி!"

சாயங்காலம் கண்மாய்க்கரையில் ஊர் கூடியது.

"முள்ளு இருக்கறதெல்லாம்னு சொல்லுங்க."

"அப்ப என் எலந்த மரம்?"

"தண்ணிய உறிஞ்சுறதெல்லாம்."

"எந்தச் செடிய்யா உறிஞ்சாது?"

கூச்சல்தான் மிச்சம். ஊராட்சித் தலைவர் சேவுகப்பெருமாள் பொறுமை இழந்து பெட்டியின் முன்னால் வந்து நின்றார். "இந்த மண்ணுல பொறக்காம, கப்பலேறி வந்தது எதுவா இருந்தாலும் வேரோட எடுத்துரு!"

விசில் பறந்தது. பெட்டி கேட்டது: "எல்லாச் செடிகளுக்குமா?"

"அம்புட்டுக்கும்!"

முதல் கட்டைவிரல் நாகஜோதியுடையது.

வாரம் முடிவதற்குள் வாய்க்கால் துடைத்துவிட்டதுபோல் ஆனது. மடை திறந்தார்கள். கணுக்கால் தண்ணீரில் நின்றுகொண்டு நாகஜோதி சிரித்தாள். மறுநாள் காலையிலும் மிளகாய் தலை நிமிரவில்லை. காலடியில் ஈரம் இருக்கிறது, இலை மட்டும் சுருண்டு கிடக்கிறது. ஒரு செடியைத் தொட்டாள். கையோடு வந்துவிட்டது. அடியில் வேர் இல்லை.

"என்னடா பண்ணுன பாவி?"

"மிளகாய்," என்றது பெட்டி. "பூர்வீகம் அமெரிக்கக் கண்டம். கப்பலில் வந்தது. ஊர் உத்தரவு."

சேவுகப்பெருமாள் மூச்சிரைக்க ஓடி வந்தார். அவர் வயலிலும் இதே கதி.

"குண்டு மிளகாயா? முப்பாட்டன் காலத்துலேர்ந்து இது நம்ம ஊருப் பயிருய்யா! நம்ம ஊருப் பேரச் சொல்லித்தான் ஒலகமே வாங்குது! நிறுத்து!"

"எறும்புகள் மண்ணுக்குள் இருக்கின்றன. கொய்யாவும் நிலக்கடலையும் நாளைக்குள் முடிந்துவிடும்."

"இத நீங்களாவது முன்னாடியே யோசிச்சிருக்கலாமேண்ணே," என்றாள் நாகஜோதி.

"மொதல்ல வெரல வச்சது நீதான தாயி," என்றார் அவர்.

அவள் கையிலிருந்த செடியை வரப்பில் வைத்தாள்.

எல்லாம் முடிந்து எறும்புகள் மேலே வந்தன. "ஊர் உத்தரவு நிறைவேறியது. பழைய விதிக்குத் திரும்புகிறேன்," என்றது பெட்டி. நாலைந்து நாளில் செத்த மிளகாய்க்கு நடுவே, பாய்ந்த தண்ணீரைக் குடித்து வயல் முழுக்கப் புதிதாகப் பச்சை முளைத்திருந்தது. கோடையில் உரத்துக்காக அவள் போட்ட ஆட்டுக்கிடையின் வேலை. கண்மாய்க்குள் மேய்ந்த ஆடுகள் சீமை, நாடு என்று இருவகைக் கருவைக் காய்களையும் தின்றுவிட்டு, விதைகளைப் புழுக்கையோடு இங்கே போட்டிருந்தன. எறும்புகளுக்கு வேர்தான் கணக்கு, விதை இல்லை.

பெட்டி ஊர்ந்து வந்து முதல் முளையின் முன்னால் நின்றது.

"இது சீமைக்கருவையா, நாட்டுக்கருவையா?"

பழக்கத்தில் கட்டைவிரலை நீட்டிய நாகஜோதி, சட்டென்று இழுத்துக்கொண்டாள். சேற்றில் குத்தவைத்து, முதல்முறையாக அந்தக் கன்றை உற்றுப் பார்த்தாள். இலையைத் திருப்பிப் பார்த்தாள், தண்டைத் தடவிப் பார்த்தாள்.

பெட்டி மறுபடியும் கேட்டது.

அவளுக்கும் தெரியவில்லை.