ஐந்து முறை திரும்பிப் போன படகு

"கொஞ்சம் தள்ளி நில்லுங்க... பதிவேட்டு மேல சொட்டுது!"

அவள் போட்ட சத்தத்தில் வீட்டு வரி கட்ட வந்தவர்கள்கூட ஓரடி பின்னால் நகர்ந்தார்கள். நகர வேண்டியவன் மட்டும் நகரவில்லை. மூன்றாம் ஜன்னலின் கம்பிகளுக்கு அந்தப் பக்கம், தலையிலிருந்து கால் வரை நனைந்துபோய், கையிலிருந்த பிளாஸ்டிக் உறையை மட்டும் நனையாமல் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றான். அவன் முன்முடியிலிருந்து விழுந்த ஒரு சொட்டு, அவள் காலையிலிருந்து பார்த்துப் பார்த்து எழுதிய பக்கத்தில் யாருடைய படகு எண்ணையோ நீலமாகக் கரைத்துக்கொண்டிருந்தது.

"ஆத்துக்குள்ள இருந்து நேரா எழுந்து வர்றீங்களா?"

"கிட்டத்தட்ட அப்படித்தான் மேடம். படகுல வந்தேன். இன்னும் கூரை போடல."

கோபமாக நிமிர்ந்தாள். நிமிர்ந்திருக்கவே கூடாது... அந்தக் கண்கள்! இமை முடிகளில் மழைத்தண்ணீர் கோத்துக்கொண்டு நிற்க, திட்டு வாங்கிய பிறகும் சிரிக்கிற கண்கள். அடுத்துத் திட்டுவதற்கென்று வைத்திருந்த வாக்கியம் மறந்தே போனது.

ஆற்றங்கரையை ஒட்டிய அந்த நகரசபை அலுவலகத்தில் மொத்தம் மூன்று ஜன்னல்கள். முதலாவதில் பிறப்பு, இறப்பு. இரண்டாவதில் வீட்டு வரி. மூன்றாவதில் படகுப் பதிவு, அதாவது அவள். ஊரில் அவளுக்குத் 'திருப்பி அனுப்பி' என்று ஒரு பட்டப்பெயர் உண்டு. கையெழுத்து கட்டத்துக்கு வெளியே ஒரு நூல் போயிருந்தாலும் விண்ணப்பம் வந்த வழியே போய்விடும். அதில் அவளுக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு. கறாரான ஆள் என்று பெயர் எடுப்பது லேசான காரியமா என்ன?

"என்ன வேணும்?"

"சொந்தமா ஒரு படகு கட்டியிருக்கேன். ஆளுங்களை அக்கரைக்கு ஏத்திட்டுப் போகணும். பதியணும்."

உறையிலிருந்து விண்ணப்பத்தை எடுத்து, கட்டைவிரலால் மேல் விளிம்பை அழுத்திப் பிடித்தபடி கம்பிக்குள் நீட்டினான். அந்த விரலில் ஒரு பழைய உளிக்காயம்... நகத்தோரம் தார்க் கறை. அவள் பார்வை அதில் ஒரு விநாடி அதிகமாகவே நின்றது. பிறகு சுதாரித்துக்கொண்டு மற்ற வரிகளைப் படித்தாள்.

"படகோட போட்டோ எங்க?"

"படகே வெளியிலதான் இருக்கு மேடம். எட்டிப் பாருங்களேன்."

"எட்டிப் பாக்கறதுக்கு எனக்குச் சம்பளம் இல்ல. போட்டோ ஒட்டிட்டு நாளைக்கு வாங்க."

அவன் போனதும் எட்டிப் பார்த்தாள் என்பது வேறு விஷயம். புது மரம் நனைந்து மின்ன, மழைக்குள் அந்தப் படகு சின்னதாகிக்கொண்டே போனது... ஏனோ அது வளைவு திரும்பி மறையும் வரை அவள் உட்காரவில்லை.

மறுநாள் போட்டோ இருந்தது. ஆனால்...

"நீளம் ஆறே கால் அடி, அகலம் இருபத்திரண்டு அடி. இது படகா, இல்ல முறமா?"

"அய்யய்யோ... மாத்தி எழுதிட்டேன் போல."

"நாளைக்கு வாங்க."

மூன்றாம் முறை, 'ஆழம்' என்ற இடத்தில் நாற்பது அடி என்றிருந்தது. அவள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பை அடக்கினாள். "படகோட ஆழத்தைக் கேட்டா ஆத்தோட ஆழத்தை எழுதியிருக்கீங்களே! கடவுளே... இந்தக் கையாலயா படகு கட்டினீங்க?"

"கட்டறது சுலபம் மேடம். எழுதறதுதான் வரமாட்டேங்குது."

நான்காம் முறை, பயணிகள் பதினான்கு பேர், லைஃப் ஜாக்கெட் ஒன்று.

"மிச்சம் பதிமூணு பேரு என்ன பண்ணுவாங்க?"

"நீச்சல் தெரிஞ்சவங்களாப் பாத்து ஏத்திக்கிறேன்."

பக்கத்து ஜன்னலில் வீட்டு வரி வாங்கும் அக்கா விழுந்து விழுந்து சிரித்தாள். அவன் போனதும் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு வந்தாள். "ஏண்டி, அந்தப் படகுக்காரன் வர்ற நாள்ல மட்டும் உன் தலையில பூ இருக்கே, அது எப்படி?"

"அக்கா, சும்மா இருங்க..."

சும்மா இருக்க முடியாதவள் அவள்தான். கதவு திறக்கும்போதெல்லாம் நிமிர்ந்தாள். மழை வந்தால் மனசு குதித்தது, மழைக்கும் அவனுக்கும் ஏதோ உறவு இருப்பதைப்போல. அறிவு மட்டும் ஓரமாக நின்று எச்சரித்தது. 'அடியே, அடுத்த முறை எல்லாம் சரியாக இருந்தால் ஒரு முத்திரை... ஓர் எண்... அதற்கப்புறம் அவனுக்கு இந்த ஜன்னலில் என்ன வேலை?'

ஐந்தாம் முறை எல்லாம் சரியாக இருந்தது.

நீளம் சரி. அகலம் சரி. ஆழம் இரண்டே முக்கால் அடி. லைஃப் ஜாக்கெட் பதினைந்து, ஓட்டுபவனுக்கும் சேர்த்து. அன்றைக்கு இருபதாம் தேதி. அவன் சட்டையைத் தேய்த்துப் போட்டிருந்தான். கட்டைவிரல் காகிதத்தின் மேல் விளிம்பிலிருந்து கொஞ்சம் விலகி நின்றது. ஏதோ கேட்கப்போகிறாள் என்பதைப்போல அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

முத்திரையை எடுத்தாள். கை இறங்க மறுத்தது. இறங்கினால் முடிந்தது...

"அகலம்... கால் அடி சந்தேகமா இருக்கு. இன்னொரு தடவை அளந்து எழுதிட்டு வாங்க."

அவன் கண்களில் இருந்த சிரிப்பு விளக்கை அணைத்த மாதிரி நின்றது.

"அகலமா? வேற எதுவும் கேக்கத் தோணலையா மேடம்?"

"இல்ல. நாளைக்கு வாங்க."

காகிதத்தை மடித்து உறைக்குள் வைத்தான். திரும்பிப் பார்க்காமல் போய்விட்டான். பொய் சொன்ன வாய் அவளுக்கே கசந்தது. ஆனாலும் நாளைக்கு வருவான், நாளைக்கே போட்டுக் கொடுத்துவிடலாம், என்ன குடி முழுகிவிடும் என்று தன்னைத்தானே சமாதானப்படுத்திக்கொண்டாள்.

நாளைக்கு அவன் வரவில்லை.

அடுத்த நாளும் இல்லை. அதற்கடுத்த நாளும்... மழை மட்டும் தவறாமல் வந்தது. யார் யாரோ நனைந்துகொண்டு வந்தார்கள், பதிவேட்டில் சொட்டினார்கள், அவள் திட்டவில்லை. வீட்டில் தட்டில் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தாள். "அது என்ன பாவம் பண்ணிச்சு, சாப்பிடேன்" என்றாள் அம்மா. அவன் நின்ற இடத்தில் தரையில் ஈரம் இருக்கிறதா என்று காலையில் வந்ததும் பார்த்தாள். காய்ந்துதான் கிடந்தது. ஒரு மனுஷனைக் கம்பிக்குப் பின்னாலிருந்தே பார்த்துப் பழகிவிட்டு, விண்ணப்பத்தில் இருந்ததைத் தவிர அவனைப் பற்றி ஒன்றுமே தெரியாமல் இப்படி ஏங்குவது எந்த விதியில் வருகிறது?

முப்பதாம் தேதி, மூன்று மணிக்கு மேல் அக்கா தண்ணீர் குடிக்க எழுந்தவள் நின்றாள்.

"உன் படகுக்காரன் பட்டியல்ல வரலையேடி?"

"என்ன பட்டியல்?"

"நல்லா கேட்ட போ! படித்துறையில ஆள் ஏத்தற படகுங்க பட்டியல். இன்னைக்கு நாலு மணிக்கு மூடறாங்கல்ல? பதிவு எண் இல்லைன்னா ஒரு வருஷத்துக்கு இடம் கிடையாது. அந்தத் தம்பி நாளைக்குக் காலையில அவங்க மாமாவோட பட்டறைக்கு, வேற ஊருக்கே போறானாமே. இன்னைக்கு மத்தியானம் வரி கட்ட வந்தப்ப, இங்க அவன் வேலை பாக்கற படகுப் பட்டறை முதலாளி சொன்னாரு."

அவள் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். மற்ற படகுகளின் எண்களையெல்லாம் அவளே அந்தப் பட்டியலுக்கு எழுதிக் கொடுத்திருந்தாள். தேதி அவளுக்குத் தெரியாதா? தெரியும். அவன் எப்படியும் வந்துவிடுவான் என்ற நினைப்பில் அதை எண்ணிப் பார்க்கவே இல்லை. திரும்ப வர வேண்டும் என்று ஒரு பொய் சொன்னாள்... அந்தப் பொய்யே அவனை ஊரைவிட்டு அனுப்பப் போகிறது!

போகலாமா? ஜன்னலுக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பவள் விண்ணப்பக்காரனைத் தேடிப் போவதா? ஊர் என்ன சொல்லும்? அவன்தான் என்ன நினைப்பான்? பெருமை ஒரு நிமிஷம் அவள் முந்தானையைப் பிடித்து இழுத்தது. உதறிவிட்டு, அலமாரியிலிருந்து அலுவலக அளவு நாடாவை எடுத்துக்கொண்டாள்.

"அக்கா, என் ஜன்னலைப் பாத்துக்கோங்க. அளக்கப் போறேன்."

"போ, போ. நல்லா அளந்துட்டு வா."

கரையோரமாகவே ஓடினாள். குடை ஒரு முறை மடங்கி, இரண்டாம் முறை பறந்து, கடைசியில் அவளே அதை விட்டுவிட்டாள். படகுப் பட்டறையின் தகரக் கூரைக்குக் கீழே, தண்ணீரில் பாதியும் கரையில் பாதியுமாக அந்தப் படகு நின்றது. அதற்குள் ஒரு பெட்டி, சுருட்டிய பாய், உளிகள் கட்டிய சாக்கு. அவன் கயிற்றை முடிந்துகொண்டிருந்தான்.

"என்ன மேடம்... ஆத்துக்குள்ள இருந்து நேரா எழுந்து வர்றீங்களா?"

அந்தக் குரலில் விளையாட்டு பாதிதான் இருந்தது. மீதி வலி. அவளுக்கு அழுகை முட்டியது.

"அளக்கணும்" என்றாள்.

நாடாவின் ஒரு முனையை அவன் பிடித்தான், மறுமுனையை அவள். படகின் அகலம் முழுவதும் இருவருக்கும் நடுவில் இருந்தது. ஆறே கால் அடி. ஒரு நூல் கூடுதலும் இல்லை, ஒரு நூல் குறைவும் இல்லை.

"சரியா இருக்கா?"

"சரியாத்தான் இருக்கு. அன்னைக்கும் சரியாத்தான் இருந்துச்சு." சொல்லிவிட்டாள். இனி நிறுத்த முடியாது. "உங்க விண்ணப்பத்துல தப்பே இல்ல. நான்தான் பொய் சொன்னேன். முத்திரை போட்டுட்டா நீங்க திரும்ப வரமாட்டீங்களேன்னு... என்னை மேலிடத்துல சொல்லுங்க, திட்டுங்க, என்ன வேணா பண்ணுங்க. ஆனா போயிடாதீங்க."

அவன் நாடாவின் முனையை மெல்ல விட்டான். முகத்தைப் பார்க்கத் துணிவில்லாமல் அவள் குனிந்தாள். அப்போதுதான் படகின் உள்பலகையில் அந்தப் பென்சில் எழுத்துகள் கண்ணில் பட்டன. நீளம் 22. அகலம் 6¼. ஆழம் 2¾. பக்கத்திலேயே தேதி... முதல் முறை அவன் ஜன்னலுக்கு வந்ததற்கு ஒரு மாதம் முன்னால்!

மெல்ல நிமிர்ந்தாள். "எல்லா அளவும் உங்களுக்குத் தெரிஞ்சிருக்கு. அப்போ அந்த முறம்? ஆத்தோட ஆழம்?"

அவன் பின்னந்தலையைச் சொறிந்தான். "போட்டோ ஒட்டணும்ங்கிறது நிஜமாவே தெரியாது. மத்ததெல்லாம்... யோசிச்சு எழுதினது. அந்த ஆத்து ஆழத்துக்கு ரெண்டு நாள் யோசிச்சேன் மேடம்."

"அடப்பாவி!"

"அஞ்சாவது தடவைதான் நாள் நெருங்குதேன்னு எல்லாத்தையும் ஒழுங்கா எழுதினேன். ஒண்ணத் தவிர." உறையிலிருந்து விண்ணப்பத்தை எடுத்து நீட்டினான். இந்த முறை கட்டைவிரலை எடுத்துவிட்டு நீட்டினான். அந்த விரல் மறைத்திருந்த முதல் வரி: படகின் பெயர். அதற்கு நேராக ஒன்றுமே இல்லை. வெறும் கோடு.

அவள் திகைத்துப் போனாள். ஐந்து முறை! பேரே இல்லாத விண்ணப்பத்தை ஐந்து முறை படித்திருக்கிறாள், ஊரே பயப்படும் திருப்பி அனுப்பி!

"படகுக்கு என்ன பேருன்னு நீங்க கேப்பீங்க, சொல்லிடலாம்னு சட்டையெல்லாம் தேய்ச்சுப் போட்டுட்டு வந்தேன். நீங்க அகலத்தைக் கேட்டீங்க. சரி, நம்மகிட்ட கேக்க இவங்களுக்கு ஒண்ணும் இல்ல போலன்னு..." அவன் பார்வை படகிலிருந்த பெட்டிமேல் போனது.

"இப்பக் கேக்கறேன். என்ன பேரு?"

"ஜன்னல்ல வெச்சுக் கேளுங்க. அங்கதான் சொல்வேன். மணி என்னாச்சு?"

மணி மூன்றே முக்கால். தெருவில் முழங்கால் அளவு தண்ணீர். அவன் படகைத் தள்ளிவிட்டுக் கையை நீட்டினான்.

"பதியாத படகுல ஆளை ஏத்தறது குத்தம், தெரியும்ல?" என்றாள் அவள், அந்தக் கையைப் பிடித்து ஏறிக்கொண்டே.

"நாளைக்கு வர்றேன் மேடம், அபராதம் போடுங்க."

நாலு மணிக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போது மூன்றாம் ஜன்னலுக்குப் பின்னால் அவள் உட்கார்ந்தாள். முந்தானை நாற்காலியை நனைத்தது. கம்பிக்கு அந்தப் பக்கம் அவன், முதல் நாள் போலவே சொட்டச் சொட்ட. பதிவேட்டைத் திறந்தாள். பேனாவை எடுத்தாள்.

"படகின் பெயர்?"

"மூணாம் ஜன்னல்."

வீட்டு வரி வரிசை மொத்தமும் திரும்பிப் பார்த்தது. அக்கா ரசீது கிழிப்பதை நிறுத்திவிட்டாள்.

"வேற பேரு எதுவும் மனசுல நிக்கல" என்றான் அவன், யாரைப் பற்றியும் கவலைப்படாமல். "எனக்கு உங்களை ரொம்பப் பிடிச்சிருக்கு. அந்த முதல் நாள் திட்டினீங்களே, அப்பவே பிடிச்சுப்போச்சு. ஏத்துக்குவீங்களா... இல்ல இதையும் திருப்பி அனுப்புவீங்களா?"

அவள் பதிவேட்டின் மேல் குனிந்தாள். எழுதினாள். எழுத்து எழுத்தாக, நிதானமாக, அவ்வளவு அழகான கையெழுத்து அந்தப் பதிவேட்டில் அதற்கு முன் விழுந்ததில்லை. எழுதி முடிக்கையில் அவன் முன்முடியிலிருந்து ஒரு சொட்டு அந்தப் பெயரின் ஓரத்தில் விழுந்து நீலமாகப் பரவியது. அவள் அதைத் துடைக்கவில்லை.

முத்திரை இறங்கியது. எண்ணை ஒரு சீட்டில் எழுதி அக்காவிடம் கொடுக்க, அக்கா அதைப் பறித்துக்கொண்டு பட்டியல் இருக்கும் அறைக்கு ஓடினாள்.

"எல்லாம் சரியா இருக்கு" என்றாள் அவள், தலையை நிமிர்த்தாமல்.

"அப்போ இனிமே எனக்கு இங்க வேலை இல்ல..."

நிமிர்ந்தாள். அந்தக் கண்கள்... இந்த முறை அவற்றை அவசரமில்லாமல் பார்த்தாள்.

"நாளைக்கு வாங்க."

"எந்தத் தப்புக்கு மேடம்?"

"தப்பு ஒண்ணும் இல்ல" என்றாள். கன்னத்தில் வழிந்தது மழைத்தண்ணீர்தானா என்று அவளுக்கே தெரியவில்லை. "சும்மா... என்னைப் பாக்க வாங்க."