வெள்ளிக் கறை

மூன்றாவது முறை அலசியும் கோட்டிலிருந்து தண்ணீர் வெள்ளியாகவே வடிந்தது. பிரதீபாவுக்கு எரிச்சலாக வந்தது. செங்கல்பட்டில் பத்து வருடமாக வேஷத்துணி வாடகைக்கு விடுகிறாள். பச்சைத் தண்ணீர், பாத்திரம் கழுவும் சோப்பு, பழைய டூத்பிரஷ். இதற்கு மசியாத உடம்புச் சாயத்தை அவள் பார்த்ததில்லை.

எல்லாம் அந்த ஏசுதாஸால் வந்தது. நேற்று மாமல்லபுரம் கடலோர ரிசார்ட்டில் ஒரு கல்யாண வரவேற்பு. வாசலில் வெள்ளிச் சிலையாக நிற்க வேண்டும், அவ்வளவுதான். முகத்துக்கு அவளே மூன்று பூச்சு பூசி அனுப்பியிருந்தாள். ஏழு மணிக்கெல்லாம் போன் செய்துவிட்டான்.

"அக்கா, மூக்குக்குள்ளல்லாம் பெயின்ட் எறங்கிக்கினு கீது. மூச்சு வாங்குது. கழுவிக்கட்டா?"

"செலைக்கு இன்னாத்துக்குடா மூச்சு? கம்முனு நில்லு."

கேட்டானா? கோட்டைத் தூக்கி அதன் உள்பக்கத் துணியிலேயே முகத்தைத் துடைத்திருக்கிறான், தறுதலை. நெற்றி, மூக்கு, மூடிய கண்கள், இறுக்கிய உதடுகள் எல்லாம் அச்சாகப் பதிந்திருந்தன. அப்புறம் மயங்கி விழுந்து ஆஸ்பத்திரியில் கிடக்கிறானாம். கோட்டைக் கொண்டுவந்த டிரைவர் மணி காலையில் சொன்னான்.

போன் அடித்தது. மணிதான்.

"அக்கா... ஏசுதாஸ் பூட்டான். இப்பதான் டாக்டர் சொன்னாரு."

"குடிச்சிருப்பான். கோட்டுல ஒரு பட்டன் காணோம். அங்க விழுந்து கீதா பாரு."

மணி போனை வைத்துவிட்டான்.

குளியலறையில் சோப்பு வாடையை மீறி வியர்வையும் பெயின்ட்டும் கலந்த புழுக்கம் ஏறியிருந்தது. ஜன்னல் வழியே மத்தியான வெயில் நேராகக் கோட்டின் மேல் விழுந்தது. அவள் குனிந்து பார்த்தாள். அச்சில் இறுகியிருந்த உதடுகள் இப்போது லேசாகத் திறந்திருந்தன. தேய்த்ததில் கலைந்திருக்கும் என்று பஞ்சில் ஸ்பிரிட் நனைத்து அழுத்தித் துடைத்தாள். வாய் இன்னும் அகலமானது. எங்கோ இளைப்புச் சத்தம். குழாயை மூடினாள்.

சத்தம் நிற்கவில்லை.

"செத்தும் பேஜாரு பண்றியா?"

கோட்டைச் சுருட்டி வாளித் தண்ணீருக்குள் அமுக்கினாள். இரண்டு கையாலும். குமிழிகள் வந்தன. பெரிதாக. விடாமல். அமுக்கினாள். சிறிதாக. ஒன்று. இன்னொன்று.

நின்றுவிட்டன.

அவள் மூச்சு விட்டாள்.

கோட்டின் வெறும் கைகள் இரண்டும் தண்ணீருக்கு வெளியே மெல்ல எழுந்து, வாளியின் விளிம்பைப் பிடித்தன.