சிக்னலைக் காப்பாற்றியது யார்?

சுமாவுக்கு வயிறு எரிந்தது. காரமாக அவள் எதுவும் சாப்பிடவில்லை. மதியம் தயிர்சாதம்தான். எரிச்சலுக்குக் காரணம் பள்ளிக்கூடக் கம்ப்யூட்டரில் இருந்த ஒரே ஒரு வரி.

"கால்வாயில் இறங்கி சிக்னலைக் காப்பாற்றியவர் ரூபா."

சிக்னல் என்பது அவர்கள் ஊர் கோரமண்டல் ஸ்டேஷனில் வாழும் நாய். காலை ரயிலுக்குப் போகிறவர்களிடம் பிஸ்கட் வாங்கித் தின்றே தொப்பை வைத்த நாய். போன வாரம் அது ஸ்டேஷனுக்குப் பின்னால் உள்ள காய்ந்த கால்வாயில் விழுந்துவிட்டது. அதைப் பார்த்தவர்கள் சுமாவும் ரூபாவும் மட்டும்தான். ரூபா சட்டென்று இறங்கிவிட்டாள். சுமாவுக்கோ ஆழத்தைப் பார்த்ததும் பயம். அவள் இறங்கவில்லை. ஓடிப்போய் எங்கிருந்தோ ஒரு ஏணியை இழுத்து வந்தாள்.

ஆறாம் வகுப்புப் பிள்ளைகள் சேர்ந்து எழுதும் இணையக் கலைக்களஞ்சியத்தில் சிக்னலுக்கு ஒரு பக்கம் உண்டு. கேள்விப்பட்டதை வைத்து எழுதியவன் டென்னிஸ். அதில் ரூபா இருந்தாள். சுமா இல்லை. ஏணிகூட இல்லை.

"நாமளே எழுதிட வேண்டியதுதான்" என்று நினைத்தாள் சுமா. ஆனால் அதற்கு ஒரு விதி குறுக்கே நின்றது. முதல் நாளே கொர்னேலியஸ் சார் சொல்லியிருந்தார்.

"உங்களைப் பத்தி நீங்களே எழுதக் கூடாது. சொந்தக்காரங்க, சிநேகிதங்க பத்தியும் கூடாது. சொல்லியே ஆகணும்னா, ஒவ்வொரு பக்கத்தோடயும் சேர்ந்து இருக்கற பேச்சுப் பக்கத்துல எழுதுங்க. நீங்க யாருன்னும் சொல்லிடுங்க. சம்பந்தம் இல்லாத ஒருத்தர் பார்த்துட்டு சேர்ப்பாங்க."

"அப்போ ஒருத்தரும் எழுத முடியாது சார்" என்றான் டென்னிஸ். "இந்த கேம்ப்ல பக்கத்து வீடு, எதிர் வீடு எல்லாருமே மாமா, மச்சான்தான்."

வகுப்பு முழுவதும் சிரித்தது. அன்றைக்குச் சுமாவும் சிரித்தாள்.

இப்போது அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. வகுப்புக்கே ஒரு கடவுச்சொல்தான். யார் எதை மாற்றினாலும் தெரியாது. கம்ப்யூட்டர் வகுப்பில் பக்கத்து நாற்காலி காலியானதும் அந்த வரியை மாற்றினாள். "கால்வாயில் இறங்கி சிக்னலைக் காப்பாற்றியவர்கள் சுமாவும் ரூபாவும்." அதோடு விட்டாளா? தன் பெயருக்கு முன்னால் "தைரியசாலியான" என்ற சொல்லையும் வைத்தாள்.

மறுநாள் ரூபா அதைப் படித்தாள். மெதுவாகத் திரும்பி சுமாவைப் பார்த்தாள். கடவுச்சொல் அவளுக்கும் தெரியும். ஒரு நொடியில் மாற்றியிருக்கலாம். மாற்றவில்லை. பேச்சுப் பக்கத்தில் இப்படி எழுதினாள்:

"நான் ரூபா. இது என்னைப் பற்றிய வரி. அதனால் நான் மாற்றக் கூடாது. கால்வாயில் இறங்கியது நான் மட்டும்தான். பார்த்தவர்கள் இருந்தால் சொல்லவும்."

அதற்குக் கீழே டென்னிஸ் எழுதியிருந்தான்: "நாளைக்குள் யாரும் சொல்லாவிட்டால் அந்த வரியையே எடுத்துவிடுவேன்."

எடுத்துவிட்டால் ரூபாவின் பெயரும் போய்விடும். உண்மையைச் சொன்னால், சுமாவுக்குக் கொஞ்சம் சந்தோஷமாகவே இருந்தது. எனக்கு இல்லாதது அவளுக்கும் வேண்டாம் என்று பொறாமை சொன்னது.

அன்று மாலை சுமா அப்பாவின் மளிகைக் கடையில் உட்கார்ந்திருந்தாள். ரூபாவின் அம்மா லதா வந்தார். தினமும் ரயிலேறி பெங்களூருக்கு வேலைக்குப் போய் வருகிறவர்.

"இன்னாம்மா சுமா, உன் பேரும் கீதே அந்த நெட் பக்கத்துல" என்றார் லதா. "ரூபா மட்டும்தான்னு நெனச்சு ட்ரெயின்ல எல்லாருக்கும் போன்ல காட்டிட்டேன். ரெண்டு பேரும் சேர்ந்து எறங்கினீங்களா? அவகிட்ட கேட்டா வாயே தொறக்க மாட்டேங்கறா."

சுமாவின் முகம் சூடானது. "ஆன்ட்டி, வந்து..."

"பயப்படாத, திட்ட மாட்டேன். நாளைக்கு ட்ரெயின்ல உன் பேரையும் சேர்த்தே சொல்றேன். தைரியமான பொண்ணு நீ."

துவரம்பருப்பை வாங்கிக்கொண்டு லதா போய்விட்டார். பாராட்டு கிடைத்துவிட்டது. ஆனால் அது சுமாவுக்கு இனிக்கவே இல்லை.

"இன்னா ஆச்சு, சாப்பிடலையா?" என்று ராத்திரி அப்பா கேட்டார்.

"வயிறு சரியில்லப்பா."

அப்பா சீரகத் தண்ணீர் கொடுத்தார். பாவம், அந்த வயிற்று வலிக்குச் சீரகத்தில் மருந்து கிடையாது.

காலையில் வகுப்புக்குள் முதல் ஆளாக நுழைந்தாள் சுமா. கம்ப்யூட்டரைத் திறந்தாள். அந்த வரியைத் தானே திருத்திவிட்டுப் பேசாமல் இருந்துவிடலாம். யாருக்கும் தெரியாது. ஆனால் தெரியாமல் செய்துதானே இவ்வளவு வம்பு? அவள் பேச்சுப் பக்கத்துக்குப் போனாள்.

"நான் சுமா. அந்த வரியை மாற்றியது நான்தான். இறங்கியது ரூபா மட்டும். நான் பயந்துகொண்டு மேலேயே நின்றேன். இன்னொன்றும் சொல்ல வேண்டும். எனக்கு ரூபா மேல் பொறாமை. அதனால் இதை நான் திருத்தக் கூடாது. சம்பந்தம் இல்லாத யாராவது திருத்தவும்."

டென்னிஸ் அதை இரண்டு தடவை படித்துவிட்டுத் தலையைச் சொறிந்தான். "பொறாமைப்படறவளே இப்படிச் சொன்னா, அது நிஜமாத்தான் இருக்கும்" என்று வரியைத் திருத்தினான்.

சுமா தன் இடத்தில் போய்க் குனிந்து உட்கார்ந்துகொண்டாள். இனி ரூபா தன்னோடு பேசவே மாட்டாள் என்று நினைத்தபோது அழுகை வந்தது. ரூபா அவள் பக்கம் வரவில்லை. நேராகக் கம்ப்யூட்டர் முன்னால் போய் உட்கார்ந்தாள். ஒவ்வொரு எழுத்தாகத் தேடித் தேடித் தட்டினாள்.

மணி அடித்து எல்லோரும் வெளியே போன பிறகு சுமா எட்டிப் பார்த்தாள்.

"நான் ரூபா. ஏணி இல்லாவிட்டால் நானும் சிக்னலும் மேலே வந்திருக்க முடியாது. ஏணி கொண்டு வந்தது சுமா. அதையும் சேர்க்க வேண்டும். ஆனால் சுமா என் தோழி. அதனால் நான் எழுதக் கூடாது. வேறு யாராவது எழுதவும்."

வெளியே போயிருந்த டென்னிஸ் திரும்பி வந்து பின்னால் நின்றான். "நவுரு, ஏணியை நான் சேர்க்கறேன்."

"அப்புறம் சேர்த்துக்கலாம், இரு" என்றாள் சுமா. "இன்னொரு தடவை படிச்சுக்கறேன்."