வலைக்கு அந்தப் பக்கம்

கணவன் ஹரீஷ் முந்தின நாள் மாட்டிய வலைக்கதவு ஹால் பக்கமாக உப்பியிருந்தது. முழங்காலுக்குச் சற்று மேலே, ஒரு தேங்காய் அளவுக்கு. கோப்பிதான் குசினியிலிருந்து மூக்கால் தள்ளுகிறது என்று சுபாஷினி நினைத்தாள். குனிந்து பார்த்தால், நாய் இந்தப் பக்கம் அவள் காலடியில் படுத்திருந்தது. குசினியில் யாரும் இல்லை. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே வலை மெல்லத் தட்டையாகி நேரானது. காற்றாக இருக்கும் என்று சொல்லிக்கொண்டாள். டத்தோ கிராமாட் வட்டாரத்தின் அந்தப் பழைய வீட்டில், மாலை நேரத்தில் காற்று வந்தால் அதிசயம்தான்.

ஹாலுக்கும் குசினிக்கும் நடுவில் இருந்த சுவரை முன்பு இருந்தவர்கள் யாரோ இடித்துவிட்டிருந்தார்கள். அவ்வளவு அகலமான இடத்துக்குக் கடையில் கிடைத்த கதவு எதுவும் எட்டவில்லை. சுபாஷினி கைப்பேசியில் தேடித் தேடி, சுருளிலிருந்து இழுத்து எதிர்ச்சுவரில் மாட்டும் இந்த வலையைக் கண்டுபிடித்து வரவழைத்தாள். நாய்க்கென்றுதான் பெயர். கோப்பி குசினிக்கு ஓடினால் மூன்று வயது கிஷனும் பின்னாலேயே ஓடுவான், அங்கே அடுப்பு இருக்கிறது, குளியலறைத் தொட்டி இருக்கிறது. நாயைத் தடுத்தால் பிள்ளையும் நிற்பான்.

கிஷனை அடக்கம் செய்த மறுநாள்தான் பார்சல் வந்தது. வாங்கிக்கொண்டதற்கு அத்தாட்சியாக டெலிவரிக்காரர் படம் எடுக்க, அவள் பெட்டியைப் பிடித்துக்கொண்டு வாசலில் நின்றாள். அந்தப் பெட்டியைத் தரையில் போட்டு மிதிக்க வேண்டும்போல் இருந்தது. மிதிக்கவில்லை. கட்டிலுக்கடியில் தள்ளிவிட்டாள்.

அதற்குப் பிறகு நாய் சோறு தொடவில்லை. தொட்டியைப் பார்த்தபடி குளியலறை வாசலிலேயே கிடந்து முனகியது. ஹரீஷ் தொட்டித் தண்ணீரைத் திறந்துவிட்டுக் காலி செய்து, குழாயையும் இறுக்கி மூடினான். அப்படியும் அது நகரவில்லை. எட்டாம் நாள் துக்கத்துக்குப் படையல் போட்டால் நாய் வாய் வைத்துவிடும் என்று அவன் அக்கா குணவதி சொன்னதும் பெட்டியை இழுத்துப் பிரித்தான். பழைய சுண்ணாம்புச் சுவர் டிரில் பட்டதும் மாவாக உதிர்ந்தது. பெரிய ஸ்குரூவாகப் போட்டு, ஆட்டிப் பார்த்து, மறுபடியும் முடுக்கினான். கைக்கு ஒரு வேலை வேண்டியிருந்தது, பாவம்.

சின்னப் பிள்ளைக்குப் படையல் வழக்கமில்லை என்றுதான் குணவதி முதலில் சொன்னாள். சுபாஷினி விடவில்லை. அன்று காலை அவன் ரொட்டி கேட்டான். குளித்துவிட்டு வந்தால்தான் ரொட்டி என்று சொல்லிவிட்டு, அவள் துண்டெடுக்கப் போனாள். அதற்குள் அவன் தானாகவே தொட்டியோரத்து ஸ்டூலில் ஏறிவிட்டான்.

"பசியோட போயிட்டான் அண்ணி. ஒரு வாய் தின்னட்டும்."

குணவதி எழுந்து போய் அடுப்பைப் பற்றவைத்தாள். சீனி தூவிய ரொட்டி சானாய், கோழி நகெட், ஒரு பாக்கெட் மைலோ. ஹாலில் வாழையிலை போட்டுப் பரிமாறி, விளக்கேற்றி, வந்தால் காலடி பதியட்டும் என்று தரையெல்லாம் திருநீறு தூவினார்கள். நேற்றுவரை குளியலறை வாசலில் கிடந்தும், இன்று வரமாட்டேன் என்று நான்கு காலையும் ஊன்றிய நாயைக் குசினிக்குள் இழுத்து விட்டு, ஹரீஷ் வலையை மாட்டி, குமிழை அழுத்தித் திருகிப் பூட்டினான். வாசல் கதவைச் சாத்திக்கொண்டு மூவரும் வெளியே வந்தார்கள். இறந்தவர் வந்து சாப்பிட்டுப் போகும்வரை வீட்டுக்குள் யாரும் இருக்கக்கூடாது. பிறகு மூன்று தட்டுத் தட்டிவிட்டுத்தான் நுழைய வேண்டும்.

தெருவில் மோட்டார் சைக்கிள்கள் போய்க்கொண்டிருந்தன. பக்கத்து வீட்டில் மீன் பொரிக்கும் வாசனை. உள்ளே கோப்பி குரைத்தது, பிறகு நடுவிலேயே நிறுத்தியது. அதன்பின் ஒரு சத்தம் வந்தது. விறைத்த துணியை விரலால் சுரண்டுவதுபோல், ஹாலின் அகலத்துக்கு இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை போய், நின்று, திரும்பி வந்தது.

அப்போதுதான் சுபாஷினிக்கு உறைத்தது. வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவன் வாசல் வழியாக ஏன் வரப்போகிறான்? அவன் போனது குளியலறையில். குசினி வழியாகத்தான் வருவான்.

வலை பூட்டியிருக்கிறது.

அவள் கதவைத் திறந்தாள். பின்னாலேயே வரப்போன ஹரீஷைக் குணவதி பிடித்துக்கொண்டாள்.

"விடு தம்பி. பெத்தவ போகட்டும். நீ தட்டிட்டு வா."

கதவு சாத்திக்கொண்டது. விளக்கு அசையாமல் எரிந்தது. இலையில் எல்லாம் வைத்தபடி இருந்தது. திருநீற்றில் ஒரு காலடி கூட இல்லை. வலைக்குக் கீழே தரையோடு இருந்த இடைவெளியில் மட்டும் கோடுகள். நான்கு நான்காக, சின்னச் சின்ன விரல்கள் இலையை நோக்கி நீண்டு, எட்டாமல், மறுபடி இழுத்துக்கொண்ட கோடுகள்.



வலைக்கு அந்தப் பக்கம் சிமெண்டுத் தரையில் ஈரம். குளியலறையிலிருந்து ஈரக் காலடிகள் வந்து, இந்தச் சுவர்வரை நடந்து, அந்தச் சுவர்வரை நடந்து, வழி தேடியிருந்தன. கோப்பி வாலை ஆட்டிக்கொண்டிருந்தது. எதிரே இருந்த வெறும் இடத்தைப் பார்த்து. கிஷனுக்கு மட்டும் ஆட்டும் ஆட்டம்.

குமிழை அழுத்தித் திருகினாள். கொக்கியை விட்டதும் வலை கரகரவென்று சுருண்டது.

"வாடா கண்ணு. அம்மாதான். வா."

யாரும் வரவில்லை. அவள் இலையைத் தூக்கிக்கொண்டு குசினிக்குள் போய், ஈரத்திலேயே உட்கார்ந்தாள். ரொட்டியைப் பிய்த்துச் சீனியில் தோய்த்து நீட்டினாள்.

குளிர்ந்த வாய் ஒன்று அதை வாங்கிக்கொண்டது.

இன்னொரு துண்டு. இன்னொன்று. அவள் அழுதுகொண்டே ஊட்டினாள். ஒரு பருக்கைச் சீனியும் கீழே சிந்தவில்லை. கோப்பி திடீரென்று முனகிக்கொண்டு அவளைத் தாண்டி ஹாலுக்கு ஓடியது.

முதுகுக்குப் பின்னால் கரகர. வலை இழுபடும் சத்தம். மெதுவாக, தாழ்வாக.

கிளிக்.

ரொட்டி தீர்ந்திருந்தது. ஈரமான சின்னக் கை ஒன்று அவள் ஆள்காட்டி விரலைப் பிடித்தது. எப்போதும் பிடிக்கும் விரல். இழுத்தது.

"வர்றேன்டா. அம்மா வர்றேன்."

வெளியே ஹரீஷ் தட்டினான். ஒன்று.

குளியலறைக் குழாய் மூடியேதான் இருந்தது.

இரண்டு.

தொட்டி நிறைந்து, விளிம்பில் வழிந்து, அவள் கால்வரை ஓடி வந்தது. பக்கத்தில் ஸ்டூல் போட்டிருந்தது.