டைரக்டர் வாயில் பன்

"ஓடு! ஓடு! போலீஸ்காரரைத் துரத்து!"

டைரக்டர் பிரானிகன் குரலைப் பெருக்கும் நீளமான கூம்புக் குழாயை வாயில் வைத்துக் கத்தினார். துரத்த வேண்டிய பிக்கிள் என்ற நாயோ, வழக்கம்போல மேசைக்கு அடியில் புகுந்துகொண்டது.

"நாயா இது? தலையணைக்கு வால் முளைச்ச மாதிரி இருக்கு! இன்னும் ஒரே ஒரு தடவை. ஓடலேன்னா நாளைக்கு வேற நாய் வரும்."

ரொட்டிக்கடைக்காரர் மகளாக நடிக்கும் வின்னிக்குத் தூக்கிவாரிப் போட்டது. பிக்கிள் அவள் வளர்க்கும் நாய். வீட்டுச் சொந்தக்காரர் நாயை உள்ளே விடமாட்டார். ஸ்டூடியோவும் துரத்திவிட்டால் அது எங்கே போகும்?

"காலையிலேருந்து ஓடுறேன் பாப்பா. என்னை யாருமே துரத்தல!" என்று மூச்சு வாங்கினார், குண்டு போலீஸ்காரராக நடிக்கும் ஹோமர்.

வின்னி மேசைக்கு அடியில் தவழ்ந்து போனாள். கூம்புக் குழாய்ச் சத்தம் கேட்கும்போதெல்லாம் பிக்கிள் காதை மடக்கிக்கொண்டு நடுங்கியது.

"சார், நீங்க கத்தாம இருந்தா இது ஓடும்."

எல்லோரும் வாயைப் பிளந்தார்கள். கத்தாமல் படம் எடுப்பதா? லாஸ் ஏஞ்சலிஸில் அப்படி யார் எடுத்தார்கள்? அந்த நேரத்தில்கூடப் பக்கத்து செட்டில் தச்சர்கள் ஆணி அடித்துக்கொண்டிருந்தார்கள்.

"என்ன செய்யணும்னு எங்களுக்குத்தான் தெரியுமே சார். இது ஊமைப்படம், படத்துல சத்தமும் கேட்காது. அப்புறம் எதுக்குக் கத்தணும்?"

கேமராவின் கைப்பிடியைச் சுற்றும் கஸ் சிரித்தார். "இவரா? தூக்கத்துலயே கத்துற ஆளாச்சே!"

டைரக்டருக்கு ரோஷம் வந்துவிட்டது. தச்சர்களை அடக்கினார். தப்பித்தவறிக்கூடக் கத்திவிடாமல் இருக்க, கடை செட்டில் இருந்த இறைச்சி பன் ஒன்றை எடுத்துத் தன் வாயில் திணித்துக்கொண்டார்.

கப்சிப். கஸ் கைப்பிடியைச் சுற்றினார். ஹோமர் ஓடினார். பிக்கிள் வெளியே வந்து, நாலு கால் பாய்ச்சலில் அவரைத் துரத்தியது! வின்னிக்குச் சந்தோஷம் தாங்கவில்லை.

சட்டென்று பிக்கிள் நின்றது. மூக்கைத் தூக்கி மோந்தது. இறைச்சி வாசனை! திரும்பி டைரக்டரை நோக்கிப் பாய்ந்தது.

"ம்ம்ம்! ம்ம்ம்!"

டைரக்டர் பின்வாங்கினார். பின்னால் மாவுத் தொட்டி. தொபுக்கடீர்! "நிறுத்து" என்று சொல்லவும் வழியில்லை, வாய் நிறைய பன். கஸ் கேமராவை அவர் பக்கம் திருப்பிச் சுற்றிக்கொண்டே இருந்தார்.

தொட்டியிலிருந்து ஒரு வெள்ளைத் தலை எழுந்தது. பன், பிக்கிள் வாயில் இருந்தது. வின்னி பயத்தில் கண்களை மூடிக்கொண்டாள்.

"கஸ், எல்லாத்தையும் எடுத்தியா?"

"ஒண்ணு விடாம எடுத்தாச்சு சார்!"

"அப்படின்னா நாளைக்கும் பிக்கிள் ஐயாவுக்கு ஒரு பன் சொல்லிடு" என்றார் டைரக்டர். பிக்கிள் பயந்துவிடக் கூடாதே என்று, அதை மிக மிக மெதுவாகச் சொன்னார்.