வாசலைப் பார்த்து நின்ற கல்

பன்னிரண்டு இருபதுக்கு அந்த ஆள் மறுபடியும் வெளியே வந்து நின்றான்.

பார்த்தவர் தன்னூன். அந்தக் காட்சிக்கூடத்தின் காவலாளி. ஷமூனி ஏணியின் மேல் இருந்தாள். கல்லின் காதோரம் கடைசித் துண்டைப் பசை வைத்து அழுத்திக்கொண்டிருந்தாள்.

"கண்ணு, வெயில்ல ஒருத்தன் நிக்கறான்."

"உள்ள கூப்பிடுங்க, அபு ஸஃப்வான்." அவரை அவள் மகன் பெயரைச் சொல்லித்தான் அழைப்பாள்.

"நேத்தே கூப்பிட்டேன். வரமாட்டேங்கறான். உள்ள வந்தா டீ வாங்கித் தரச் சொல்லுவேன்னு பயம்போல. சுத்த மோசுல்காரன்."

"உங்க ஊர்க் கஞ்சத்தனத்தை நீங்களே சொல்றீங்க."

"நாங்க சொல்லலாம். பக்கத்து ஊர் பக்தீதாக்காரி நீ சிரிச்சாத்தான் எனக்குக் கோவம் வரும்."

அவள் சிரித்தாள். திரும்பவில்லை. பசை பிடிக்கும்வரை கையை எடுக்கக் கூடாது. இறங்கி வந்தபோது தெரு காலியாக இருந்தது. கண்ணாடிக் கதவில் ஒரு கைத்தடம். வெளிப்பக்கம். ஈர மண்.

ஆகஸ்ட் மாதம். மழை பெய்து நாலு மாதம் ஆகியிருந்தது.

கல் ஒன்றரை ஆள் உயரம். சிறகு முளைத்த மனிதன். ஒரு கையில் வாளி, மறு கையில் ஊசியிலை மரத்துக் காய். ஊரைப் பிடித்துச் சம்மட்டிகளோடு வந்தவர்கள் அதை இருநூற்றுப் பன்னிரண்டு துண்டாக்கிவிட்டுப் போயிருந்தார்கள். ஷமூனி மூன்று வருடமாக ஒட்டினாள். பழைய அரண்மனையில் அது ஒரு வாசலில் நின்ற கல். தோண்டி எடுத்த நாளின் புகைப்படத்தில் வெளியே பார்த்து நிற்கிறது. அவளும் அப்படியே நிறுத்தினாள். கதவுக்கு உட்புறம், முகம் தெருவை நோக்கி.

அருங்காட்சியக இயக்குநர் முவஃபக்குக்கு அது பிடிக்கவில்லை.

"உள்ள நிக்கறவன் இதோட முதுகைப் பாக்கவா சீட்டு வாங்கறான்?"

"அது வாசல் காவல், உஸ்தாத். வாசலைத்தான் பாக்கணும்."

"காவலுக்குத் தன்னூன் இருக்கார். அவர் மூஞ்சியையும் தெருப்பக்கம் திருப்பி வைக்கவா?"

கல்லின் முதுகில் ஒரு வரி வெட்டியிருந்தது. சுவரோடு ஒட்டி நிற்க வேண்டிய பக்கம். யாரும் படிப்பதற்காக வெட்டியதல்ல. சுத்தம் செய்யும்போது ஷமூனி படித்தாள்.

மண் கிடைக்காதவன் என்னைத் தாண்டமாட்டான்.

விளக்க அட்டைக்காக அவள் எழுதிவைத்திருந்ததைத் தன்னூன் எடுத்துப் பார்த்தார்.

"அடக்கம் ஆகாதவனைச் சொல்லுதா?"

"ஆமா."

"அப்போ இந்த ஊர்ல பாதிப் பேருக்கு உள்ள இடமில்ல," என்றார். அட்டையைக் கவிழ்த்து வைத்தார்.

தன்னூனுக்கு முன்னால் இந்தக் கூடத்தைக் காத்தவன் ஷமூனியின் தம்பி பெஹ்னாம். ஒன்பது வருடத்துக்கு முன், ஜூன் மாதத்தில், ஊரே ஓடிக்கொண்டிருந்தபோது கூடத்தைப் பூட்டிவிட்டு வருகிறேன் என்று திரும்பிப் போனான். அவ்வளவுதான் தெரியும். புதைகுழி தோண்டிய இடங்களிலெல்லாம் ஷமூனி சோதனைக்கு ரத்தம் கொடுத்தாள். எந்த எலும்போடும் பொருந்தவில்லை. உடம்பு இல்லாமல் தேவாலயத்தில் பூசை வைக்க அம்மா சம்மதிக்கவில்லை. தினமும் சாயங்காலம் அவள் வீட்டுக்குள் நுழைந்ததும் அம்மா ஒன்றே ஒன்று கேட்பாள்.

"எங்கயாம்?"

மூன்றாம் நாள் ஷமூனி ஏணியில் ஏறவில்லை. கதவருகே உட்கார்ந்திருந்தாள். பன்னிரண்டு பத்துக்கு மின்சாரம் போனது. மின்விசிறிகள் ஒவ்வொன்றாக நின்றன.

முதலில் வாசனை வந்தது. புதிதாக வெட்டிய மண்.

பிறகு அவன் நின்றான்.

இடுப்பில் சாவிக்கொத்து. அதில் அம்மா கட்டிய நீல மணி. ஒரு காலில் ஷூ. மறு கால் வெறுங்கால். உதட்டிலும் காதிலும் மண் அடைத்திருந்தது. அவன் அவளைப் பார்க்கவில்லை. அவள் தலைக்கு மேல் கல்லைப் பார்த்தான்.

அவள் குவளையில் தண்ணீர் ஊற்றினாள். கதவைத் திறந்து நீட்டினாள்.

"வாடா."

வாசற்படியில் அவன் கால்விரல்கள் நின்றன. அதற்கு மேல் நகரவில்லை. முன்னால் சாய்ந்து, எதிலோ முட்டியதுபோல் நின்றான். பிறகு வலது கையைத் தூக்கினான். ஐந்து விரல் நுனிகளையும் மேல்நோக்கிக் குவித்தான். மோசுலில் குழந்தைக்கும் அது தெரியும். கொஞ்சம் பொறு.

"ஒன்பது வருஷம் பொறுத்தாச்சு," என்றாள்.

மின்சாரம் வந்தது. அவன் இல்லை.

அன்று மாலை அவளே முவஃபக்கின் அறைக்குப் போனாள்.

"கல்லைத் திருப்பிடலாம், உஸ்தாத். கூடத்தைப் பாக்கற மாதிரி."

"இப்பவாவது புத்தி வந்துச்சே. ஏன், திடீர்னு?"

"பாக்க வர்றவங்களுக்கு முகம் தெரியணும்."

வியாழக்கிழமை காலை இரண்டு தொழிலாளிகள் கனம் தூக்கும் செயின் பிளாக்கோடு வந்தார்கள். தன்னூன் அவளைத் தனியாக இழுத்தார்.

"முதுகுல எழுதியிருக்கறதை நீதானே படிச்சே?"

"வெளிய நிக்கறது என் தம்பி."

அவர் தெருவை எட்டிப் பார்த்தார்.

"அவன் தனியாவா நிக்கறான், கண்ணு?"

"நான் ஒருத்தனைத்தான் பாத்தேன்."

"நானும்தான். முன்னாடி நிக்கறவனைத்தானே பாக்க முடியும்?"

"அவன்கிட்ட ஒரே ஒரு கேள்வி கேக்கணும். எங்க கிடக்கறான்னு. அம்மாவுக்கு அது போதும்."

பதினொரு மணிக்குக் கல் திரும்பியது. தொழிலாளிகள் தரையில் ஆணி இறக்கி முடுக்கினார்கள். ஸமூன் ரொட்டியும் ஊறுகாயும் வாங்கக் கடைக்குப் போனார்கள். ஷமூனி கதவை விரியத் திறந்து வைத்தாள். தரையைக் கழுவினாள். நடுக்கூடத்தில் ஒரு குவளை தண்ணீர் வைத்தாள்.

பன்னிரண்டு இருபது.

அவன் நின்றான். விரல்கள் குவிந்தே இருந்தன. இப்போது இரண்டு கையும். அவன் அவளுக்கு முதுகைக் காட்டித் தெருவைப் பார்த்துத் திரும்பினான். கைகளை அகல விரித்தான். கூட்டத்தை நிறுத்தும் காவலாளியைப்போல.

அப்புறம் அவன் அங்கே இல்லை.

மண் வாசனை அவளைக் கடந்து உள்ளே போனது. குவளையில் தண்ணீர் இறங்கியது. ஒரே மடக்கில். அடியில் ஈரம்கூட மிஞ்சவில்லை.

"பெஹ்னாம். எங்கடா கிடக்கறே? இடத்தை மட்டும் சொல்லு."

ஈரத் தரையில் ஒரு ஷூத் தடம். பக்கத்தில் ஒரு வெறுங்கால் தடம்.

அதன் பக்கத்தில் இன்னொரு வெறுங்கால்.

அதன் பக்கத்தில் ஒரு பெண்ணின் செருப்பு.

ஒரு குழந்தையின் கால்.

தடங்கள் நிற்கவில்லை.

கழுவிய வாளி வறண்டது. சுவரோரம் மூடி திறக்காத புட்டிகள் வெறுமையாயின. அவள் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. கண் எரிந்தது. நீர் வரவில்லை.

அவள் ஓடிப்போய்க் கதவைச் சாத்தினாள்.

கண்ணாடியில் கைத்தடங்கள் விழத் தொடங்கின. ஒன்றின் மேல் ஒன்றாக. எல்லாம் உட்பக்கம்.

கதவைத் திறந்தாள். யாரும் வெளியே போகவில்லை. கல் கூடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது. அதைத் தாண்ட அவர்களால் முடியவில்லை.

தொழிலாளிகள் திரும்பியதும் ஆணிகளைக் கழற்றச் சொன்னாள். தன்னூனும் சங்கிலியைப் பிடித்தார். சங்கிலி இறுகியது. கல்லின் கழுத்தில், மூன்று வாரத்துக்கு முன் அவள் ஒட்டிய இடத்தில், மயிரிழை அளவு விரிசல் ஓடியது.

"நிறுத்துங்க," என்றாள்.

இன்னும் ஒரு விரல் தூக்கினால் மறுபடியும் இருநூற்றுப் பன்னிரண்டு துண்டு. தெருவில் இன்னும் எத்தனை பேர் நிற்கிறார்கள் என்று அவளுக்குத் தெரியாது. தெரியவும் போவதில்லை. இப்போது கண்ணாடி வழியாக யாரும் தென்படவில்லை. வந்தால் தடுத்து நிறுத்த ஒன்றும் இல்லாததால், வருகிறவர்கள் நேராக உள்ளே வந்தார்கள்.

திங்கட்கிழமை திறப்பு விழா. முவஃபக் கல்லின் முகத்தோடு நின்று படம் எடுத்துக்கொண்டார். வந்தவர்கள் எல்லோரும் தண்ணீர் கேட்டார்கள். ஏசி காற்று தொண்டையை வறட்டுகிறது என்றார் முவஃபக். தன்னூன் வாசலில் ஆள் எண்ணும் கருவியோடு நின்றார். நாற்பத்தாறு பேர் உள்ளே போனார்கள். நாற்பத்தாறு பேர் வெளியே வந்தார்கள். கருவியைச் சட்டைப் பையில் போட்டார். பைக்குள் அது டிக் டிக்கென்று அடித்துக்கொண்டே இருந்தது. அவர் அதை எடுத்துப் பார்க்கவில்லை.

அடுத்த நாளிலிருந்து அவர் வேலைக்கு வரவில்லை.

ஷமூனி வருகிறாள். சாயங்காலம் வீட்டில் அம்மா கேட்கும்போது செருப்பைக் கழற்றுவதுபோல் குனிந்துகொள்கிறாள்.

காலையில் தரையைக் கழுவுகிறாள். மத்தியானம் தடங்களுக்கு நடுவே ஒரு கால் ஷூவும் ஒரு கால் வெறுமையுமாக நடந்தவனைத் தேடுகிறாள். ஒன்றின் மேல் ஒன்று மிதித்து எல்லாம் சேறாகிக் கிடக்கிறது.

இன்று டீக்கடையிலிருந்து சின்னக் கண்ணாடிக் குவளைகளை வாங்கி வந்தாள். எழுபது. வரிசையாக வைத்து ஒவ்வொன்றிலும் தண்ணீர் ஊற்றினாள். ஒன்று மட்டும் முதலில் குறையும் என்று நினைத்தாள். சின்ன வயதிலிருந்தே அவன்தான் முதலில் கை நீட்டுவான்.

பன்னிரண்டு இருபதுக்கு மின்விசிறிகள் நின்றன.

எழுபதும் ஒரே நொடியில் காலியாயின.

அவள் மண்டியிட்டாள்.

"உங்கள்ல பெஹ்னாம் யாரு?"