அவிழ்க்காத மணி

மூடுபனிக்குள் நடந்துகொண்டிருந்த முதல் குதிரை, பள்ளத்தின் பக்கமாகக் காதைத் திருப்பியது.

"சும்மா நட" என்று குதிரைக்காரன் அதட்டினான். நடுப்பகல்தான், ஆனால் மூன்றடிக்கு அப்பால் எதுவும் தெரியவில்லை. ஈர ரோமத்தின் வாடை, குளம்புக்கடியில் சரளை நொறுங்கும் ஓசை, மூட்டைகளின் முனகல், அதற்கெல்லாம் அடியில் எங்கோ மெலிதாக ஒரு மணி. ஐந்து குதிரைகளையும் ஒன்றன்பின் ஒன்றாகப் பிணைத்து, முன்கயிற்றைத் தன் இடுப்பில் கட்டியிருந்தான். கையைக் கம்பளிக்குள் விட்டுக்கொள்ளும் சோம்பேறித்தனம், வேறொன்றுமில்லை.

மூன்று நாளைக்கு முன் இதே வளைவில்தான் மூத்த பெண்குதிரை சறுக்கியது. மணி கட்டி வரிசைக்கு முன்னால் நடந்தது அதுதான். இரட்டைச் சுமை ஏற்றியவன் இவன். மற்றவையும் இழுபடாமலிருக்கக் கயிற்றை அறுத்தான். கயிற்றை அறுத்ததை யாரும் குறை சொல்ல முடியாது. ஆனால் கீழே பாறை இடுக்கில் அது தலையைத் தூக்கிப் பார்த்தது. இறங்கிப்போய் அதன் வேதனையை முடித்து, மணியை அவிழ்த்து வருவதுதான் தொழில் முறை. இவன் நடையைக் கட்டினான். விழுந்ததுமே உயிர் போய்விட்டது என்று மனைவியிடம் கூசாமல் புளுகினான்.

மணி மறுபடி ஒலித்தது. கிட்டத்தில்.

"ஏங்க," வரிசையின் கடைசியிலிருந்து மனைவியின் குரல். "அது நம்ம மணிதானே?"

"காத்துடி."

"காத்தே இல்லையே."

ஐந்தும் நின்றன. மணி போகும் பக்கம் கால் போக வேண்டும் என்று பிரம்பால் அடித்து அடித்துப் பழக்கியவன் இவனே. அந்தப் பாடத்தை அவை மறக்கவில்லை. தலைகள் பள்ளத்தின் பக்கம் திரும்பின.

இடுப்புக் கயிறு விறைத்தது. முடிச்சு பனியில் ஊறி இறுகியிருந்தது. நகம் பெயர்ந்தது.

"அரிவாள்! புல்லறுக்கிற அரிவாளக் கொண்டா, சீக்கிரம்!"

ஓடி வந்தவள் பாதியில் நின்றாள். அந்தப் பெண்குதிரையைக் குட்டியிலிருந்து கையால் ஊட்டி வளர்த்தவள் அவள்.

"உசுரோடயா விட்டுட்டு வந்தீங்க?"

"ஆமாடி. ஆமா. அறுத்து விடு, உன் கால்ல விழறேன்."

அவள் அசையவில்லை. அவள் பார்வை அவனைத் தாண்டி நிலைகுத்தியிருந்தது.

மணி இப்போது விளிம்பில். அழுகிய ரத்த வாடை. பனிக்குள்ளிருந்து அறுபட்ட கயிற்று நுனி வந்தது. பிறகு உடைந்த தாடை. கிளம்பும்போதெல்லாம் ஆட்டுவதுபோல் ஒருமுறை தலையை ஆட்டியது. திரும்பியது. கீழே நடந்தது.

அதன் பின்னாலேயே முதல் குதிரை காலை எடுத்து வைத்தது.